ஆலைக் கணக்கையும் அவைக் கணக்கையும் கலக்கவிடாதவர்களுக்கு ஒரு நன்றி மடல்

அன்புடையீர்,

வணக்கம்.

எம்.எல்.ஏ. ஐயா இந்தத் தேர்தலில் நிற்கவில்லை என்பது உங்களுக்குத் தெரியும். வாக்குச்சீட்டில் முத்திரை குத்தி மடித்துப் போட்ட காலத்தில் அவைக்குள் போனவர், போட்ட வாக்கைத் தாளில் அச்சிட்டுக் காட்டும் விவிபாட் சீட்டு விழும் காலத்தில் வெளியே வருகிறார். அரிசி ஆலை ஓடிக்கொண்டுதான் இருக்கிறது. அதை விடுவதாக இல்லை. பாராட்டு விழா, மலர், ஆளுயர மாலை எதுவும் வேண்டாம் என்று கண்டிப்பாகச் சொல்லிவிட்டார். ஆனாலும் துணை நின்றவர்களுக்கு ஒரு வார்த்தை சொல்லாமல் அலுவலகத்தைப் பூட்டுவது முறையில்லை. எனவே தொகுதி அலுவலகமும் ஆலையின் கணக்குப் பிரிவும் சேர்ந்து இதை எழுதுகிறோம். பெயர்கள் போடவில்லை. உதவியவர்களில் பலர் இன்னும் அரசுப் பணியில் இருக்கிறார்கள். "அவருடைய ஆள்" என்ற பட்டம் அவர்களுக்கு எதற்கு? யாரைச் சொல்கிறோம் என்பது படிக்கும்போது அவரவருக்குப் புரிந்துவிடும்.

தொழிலும் பதவியும் ஒரே ஆளிடம் இருந்தால் ஊர் வாய் சும்மா இருக்காது. இங்கே அந்தப் பேச்சு எடுபடாமல் போனதற்கு, அவர் முகத்துக்கு நேரே "இது கூடாதுங்க" என்று சொல்லத் துணிந்த சிலர்தான் காரணம். அவர்களில் ஆலையின் ஆடிட்டருக்கு முதல் நன்றி.

மக்கள் பிரதிநிதித்துவச் சட்டம், 1951-இல் 9ஏ என்று ஒரு பிரிவு இருக்கிறது. அரசுக்குப் பொருள் கொடுப்பதாகவோ அரசு வேலையைச் செய்து தருவதாகவோ தன் தொழில்வழியில் போட்ட ஒப்பந்தம் உயிரோடு இருக்கும்வரை ஒருவர் உறுப்பினராக இருக்கத் தகுதியற்றவர். வேட்புமனு பரிசீலனை நாளில் அப்படி ஓர் ஒப்பந்தம் இருந்தால் மனு தள்ளுபடி. ஜெயித்த பிறகு புதிதாக முளைத்தாலும் ஆபத்துதான்: அரசியலமைப்பின் 191, 192-ஆம் பிரிவுகளின்படி விஷயம் ஆளுநரிடம் போகும், அவர் தேர்தல் ஆணையத்தின் கருத்தைக் கேட்டு அதன்படி முடிவு செய்வார்.

டெல்டாவில் ஆலைக்காரருக்கு நிச்சயமான வருமானம் என்றால் நுகர்பொருள் வாணிபக் கழகத்தின் நெல்லை அரைத்துக் கொடுப்பதுதான். குவிண்டால் நெல்லுக்குப் புழுங்கல் என்றால் 68 கிலோ, பச்சரிசி என்றால் 67 கிலோ திருப்பிக் கொடுக்க வேண்டும், கூலி தனி. சந்தை விலை ஏறினாலும் இறங்கினாலும் இயந்திரம் நிற்காது. கழகம் வேறு, அரசு வேறு, அதனால் 9ஏ இதற்குப் பொருந்தாது என்று சொல்லும் வாதம் வலுவானது. ஆனால் பரிசீலனை மேசையில் எதிர்த்தரப்பு ஆட்சேபம் எழுப்பும்போது அந்த வாதத்தை விரித்துச் சொல்ல அவகாசம் கிடைக்காது என்றார் ஆடிட்டர். கழகத்துக்கு நெல் அரைத்துத் தருவதற்கான அரவை முகவர் பதிவை விட்டுவிடச் சொன்னார். விடுவதற்கும் ஒரு முறை இருக்கிறது. அதே பிரிவின் விளக்கத்தில், நம் பக்கக் கடமையை முழுதும் முடித்துவிட்டால், அரசு தன் பக்கத்தை முடிக்கவில்லை என்பதற்காக மட்டும் ஒப்பந்தம் உயிரோடு இருப்பதாகக் கொள்ளக் கூடாது என்று இருக்கிறது. "கூலி பாக்கி நின்றால் நிற்கட்டும், நம் பக்கம் அரிசி பாக்கி நிற்கக் கூடாது" என்று அதை ஒரே வரியில் ஆக்கிவிட்டார். கடைசி லாரி அரிசி, கடைசிக் கட்டுச் சாக்கு வரை ஒப்படைத்து, நிலுவை இல்லை என்று எழுத்தில் வாங்கிய பிறகுதான் வேட்புமனுவைத் தட்டச்சு செய்யவே விட்டார்.

கணக்கர் அடுத்தவர். 2022 ஜூலை 18 முதல், 25 கிலோ வரை பையில் அடைத்து லேபிள் ஒட்டிய அரிசிக்கு 5 சதவீத ஜிஎஸ்டி வந்தது. உடனே சந்தை 26 கிலோ பைக்கு மாறியது. அதில் சட்டமீறல் ஒன்றும் கிடையாது. வரம்புக்கு மேலே போனால் வரி இல்லை, அவ்வளவுதான். கடைக்காரர்களும் 26-ஐத்தான் கேட்டார்கள். மாநில ஜிஎஸ்டி சட்டத் திருத்தங்களுக்கு அவையில் கை தூக்குகிறவரின் ஆலை, வரிக்கு ஒரு கிலோ தள்ளிப் பை தைக்கலாமா என்று கேட்டவர் கணக்கர். ஆலை 25-லேயே நின்றது. சில்லறைப் பை வியாபாரம் குறைந்தது உண்மை; மொத்த மூட்டையில் அதை ஈடுகட்டினார்கள். இது தேவையில்லாத வீம்பு என்று சொன்னவர்களும் உண்டு. எங்களுக்குள்ளேயே அது இன்னும் முடியாத வாதம்.

தேர்தல் காலத்தில் இந்த இருவரின் பிடிவாதம் இரண்டு மடங்காகும். வேட்புமனுவோடு தரும் படிவம் 26 பிரமாணப் பத்திரத்தில் தன் பெயர், மனைவி பெயர், சார்ந்திருப்போர் பெயர், கூட்டுக்குடும்பச் சொத்து எல்லாம் தனித்தனிக் கட்டங்களில் வர வேண்டும். 2019 முதல் ஐந்தாண்டு வருமான வரிக் கணக்கைக் காட்ட வேண்டும். நிலத்துக்கு சர்வே எண், பரப்பு, வாங்கிய விலை, இன்றைய மதிப்பு நான்கும் வேண்டும். பெரும்பாலும் இடறும் இடம் காலிக் கட்டம். 2013-இல் உச்ச நீதிமன்றம் சொன்ன பிறகு, கட்டத்தைக் காலியாக விட்டு, நினைவூட்டிய பிறகும் நிரப்பாவிட்டால் மனுவை நிராகரிக்கலாம். எனவே ஒன்றும் இல்லை என்றாலும் "இல்லை" என்றோ "பொருந்தாது" என்றோ எழுத வேண்டும்; கோடு இழுத்தால் போதாது. ஒவ்வொரு பக்கத்தையும் விரலால் தடவிப் பார்த்துவிட்டு மட்டுமே நோட்டரியிடம் கொண்டுபோன தட்டச்சருக்கு எங்கள் நன்றி.

செலவுக் கணக்கு இன்னும் நுணுக்கம். வேட்புமனுவுக்கு முந்தைய நாளுக்குள்ளாவது தனி வங்கிக் கணக்கு தொடங்கி, எல்லாச் செலவும் அதன் வழியாகப் போக வேண்டும். தேர்தல் அலுவலகம் கொடுக்கும் பதிவேட்டில் வெள்ளைத் தாள் அன்றாடச் செலவுக்கு, இளஞ்சிவப்பு ரொக்கத்துக்கு, மஞ்சள் வங்கிக்கு. பிரசாரக் காலத்தில் மூன்று முறை தேர்தல் செலவுப் பார்வையாளரிடம் காட்ட வேண்டும். சட்டமன்றத் தொகுதிக்கு உச்சவரம்பு 2021 தேர்தலில் 30 லட்சத்து 80 ஆயிரம் ரூபாய். 2022-இல் 40 லட்சம் ஆனது. ஒரே ஆளுக்கு மொத்தத்தில் 10,000 ரூபாய்க்கு மேல் ரொக்கமாகக் கொடுக்கக் கூடாது என்பதால் பந்தல்காரருக்கும் மைக் செட்டுக்கும் காசோலைதான். முடிவு அறிவித்த 30 நாளுக்குள் கணக்கை மாவட்டத் தேர்தல் அலுவலரிடம் கொடுக்காவிட்டால் அதே 1951 சட்டத்தின் 10ஏ பிரிவின்படி மூன்றாண்டுத் தகுதிநீக்கம் வரை போகலாம்.

தொழில் வைத்திருப்பவர்கள் சிக்குவது சொந்தப் பொருளில்தான். ஆலை லாரி நம்முடையதுதானே என்று கொடி ஏற்றி அனுப்பிவிடுவார்கள். அனுமதிச் சீட்டை முன்கண்ணாடியில் ஒட்டியாக வேண்டும். வாடகையே கொடுக்காவிட்டாலும், மாவட்ட விலைப்பட்டியலில் உள்ள வாடகை செலவில் ஏறும். ஆலைக் களத்தில் கூட்டம் போட்டால் இடத்துக்கும் மதிப்புப் போட வேண்டும். ஆலைச் சம்பளத்தில் இருப்பவர் பூத் வேலைக்கு வந்தால் அன்றைய கூலியை எந்தக் கணக்கில் வைப்பது? "விடுப்பு எழுதிக் கொடுத்துவிட்டுப் போ" என்று சொல்லி, அந்த நாள் சம்பளத்தை ஆலைப் பதிவேட்டில் பிடித்தவர் மேலாளர். அப்போது அவரைத் திட்டியவர்கள் சார்பிலும் சேர்த்தே நன்றி சொல்கிறோம்.

பூத் முகவர்களைப் பற்றி ஒரு பத்தி எழுதினால் போதாது, ஆனாலும் எழுதுகிறோம். 1996-இல் மொடக்குறிச்சியில் 1,033 பேர் நின்று வாக்குச்சீட்டே புத்தகமாக வந்த கதை எல்லோருக்கும் தெரியும். பொதுப் பிரிவு வேட்பாளருக்கு 250 ரூபாயாக இருந்த வைப்புத்தொகை அந்த ஆண்டு 5,000 ஆனது, இப்போது 10,000. 2001-இல் தமிழ்நாடு முழுக்க வாக்குப்பதிவு இயந்திரம் வந்தது. அதோடு முகவர் வேலை எளிதாகிவிட்டது என்று நினைப்பவர்கள் ஒருநாள் பூத்தில் உட்கார்ந்து பார்க்கட்டும். வாக்குப்பதிவுக்கு 90 நிமிடம் முன்பே மாதிரி வாக்குப்பதிவு. குறைந்தது 50 வாக்கு போட்டு, மூடி, முடிவு பார்த்து, அழிக்க வேண்டும். விவிபாட் பெட்டியில் விழுந்த மாதிரிச் சீட்டுகளையும் எடுத்து உறையிட்டு முத்திரை வைக்க வேண்டும். அழிக்க மறந்தால் மாலையில் எண்ணிக்கை கூடுதலாக நிற்கும், அப்புறம் அந்த பூத்தே சிக்கல்.

நாள் முடிவில், பூத்தின் வாக்குக் கணக்கான படிவம் 17சி நகல் கையில் வராமல் எங்கள் முகவர்கள் எழுந்ததில்லை. அதில் இயந்திர எண், முத்திரை எண், பதிவான மொத்த வாக்கு மூன்றும் இருக்கும். வாக்களிக்க வந்தவர்கள் கையெழுத்திடும் 17ஏ பதிவேட்டின் எண்ணிக்கையோடு அது பொருந்தாவிட்டால் உடனே சத்தம் போடுவது பிழை. கையெழுத்துப் போட்டுவிட்டு வாக்களிக்காமல் திரும்பியவர் யாராவது இருந்தால் குறிப்புக் கட்டத்தில் எழுதியிருப்பார்கள். முதலில் அதைப் பார்க்க வேண்டும். எண்ணிக்கை மேசையில் அந்த 17சி நகலை விரித்து வைத்து எண் எண்ணாக ஒப்பிட்டவர்கள் இந்த மடலைப் படிக்கும் மாணவர்களின் அப்பாக்கள், அம்மாக்கள். எதிரணி முகவர்களும் இதில் சேர்த்தி. தங்கள் நகலில் தெளிவில்லாத எண்ணை எங்கள் நகலில் பார்த்துச் சரிசெய்தவர்கள் அவர்கள்; எங்களுக்கும் அப்படியே காட்டியவர்கள்.

சென்னையில் புனித ஜார்ஜ் கோட்டைக்கு உள்ளே இருப்பவர்களுக்கு வருவோம். பேரவைச் செயலகத்தின் கேள்விப் பிரிவுக்கு நாங்கள் பட்ட கடன் பெரிது. கேள்வி எழுதுவது ஒரு தனிக் கலை. வாதம், குற்றச்சாட்டு, ஊகம் கலந்தால் தள்ளுபடியாகும். மாநில அரசின் கையில் இல்லாததைக் கேட்டாலும் தள்ளுபடி. இதற்கு நெல் ஈரப்பதத்தைவிட நல்ல உதாரணம் கிடைக்காது. கொள்முதலுக்கு 17 சதவீதம் என்ற வரம்பு ஒன்றிய அரசு வைத்தது. அறுவடையில் மழை பிடித்துக்கொண்டால் நெல் 20-க்கு மேல் நிற்கும், நிலையத்தில் எடுக்க மாட்டார்கள், சாலையோரம் குவியல் குவியலாகக் கிடக்கும். "ஈரப்பத வரம்பை அரசு உயர்த்துமா?" என்று கேட்டால் அந்தக் கேள்வி செத்தது. "தளர்வு கோரி ஒன்றிய அரசுக்குக் கடிதம் எழுதப்பட்டதா, ஆம் எனில் எந்தத் தேதியில், மாதிரி எடுக்க மத்தியக் குழு எப்போது வரும்?" என்று கேட்டால் அதற்குப் பதில் சொல்லியே ஆக வேண்டும். இந்த வித்தியாசத்தைப் பொறுமையாகச் சொல்லிக் கொடுத்தவர்கள் கேள்விப் பிரிவில் உட்கார்ந்திருந்தவர்கள்.

அமைச்சர் அவையில் "ஆவன செய்யப்படும்" என்று சொன்னால் பலர் அதை அன்றோடு மறந்துவிடுகிறார்கள். அரசு உறுதிமொழிக் குழு என்று ஒன்று இருப்பதே அந்த வார்த்தையைப் பின்தொடரத்தான். எந்த நாள், எந்தத் துறை மானியக் கோரிக்கை, எந்த வாசகம் என்று அவைக் குறிப்பிலிருந்து எடுத்துக் கொடுத்த நூலகத்தாருக்கும், வேகமாகப் பேசும் டெல்டா தமிழை விடாமல் சுருக்கெழுத்தில் பிடித்த பேரவை நிருபர்களுக்கும் நன்றி. பேச்சின் வரைவைத் திருத்த அனுப்பும்போது சொற்பிழையை மட்டும் திருத்த அனுமதித்தார்கள். கருத்தை மாற்ற ஒருபோதும் விடவில்லை. அதற்கும் நன்றி.

ஈரப்பதத்தில் இன்னொரு விஷயமும் இருக்கிறது. ஆலைக்காரருக்கு ஈர நெல் நஷ்டம். 17 சதவீதத்தில் வந்த 100 கிலோ நெல் அரவைக்குத் தேவையான 14-க்குக் காயும்போது 96½ கிலோ நிற்கும். 19-இல் வந்தால் 94 கிலோவுக்குச் சற்று மேல்தான். ஆலைக்காரர் வரம்பைக் கூட்டச் சொல்லி அவையில் பேசினால் சக ஆலைக்காரர்களே முகம் சுளிப்பார்கள். பேசும் முன் "எனக்கும் ஆலை உண்டு, அரவை முகவர் பதிவு கிடையாது" என்று சொல்லிவிட்டுத் தொடங்குவது ஐயாவின் வழக்கம். அவர் சொன்ன எண்கள் கொள்முதல் நிலையத்துப் பட்டியல் எழுத்தர்களிடமிருந்து வந்தவை. குவியலின் மேலே மட்டும் மாதிரி எடுத்தால் மீட்டர் பொய் சொல்லும். மேல், நடு, அடி மூன்றிலும் எடுத்துக் கலக்க வேண்டும். காலைப் பனியோடு அளந்தால் கூடுதலாகக் காட்டும். நண்பகல் சூட்டில் தார்ப்பாய் போட்டு மூடினால் உள்ளே வேர்த்து, இரவில் குவியல் சூடேறி, மூன்றாம் நாள் முளை கண்டுவிடும். வெயில் இருக்கும்வரை திறந்து கிளறிவிட்டு, சூடு தணிந்த பின் மூடினால் பிழைக்கும். 40 கிலோ மூட்டைக்கு 2 சதவீத ஈரம் கிட்டத்தட்ட ஒரு கிலோ என்று ஒரு எழுத்தர் புகையிலை அட்டையின் பின்பக்கம் போட்டுக் காட்டிய கணக்கு அப்படியே அவைக்குப் போனது. தளர்வு 19 வரை கிடைத்த பருவங்களில் பயன் பெற்றவர்கள், அந்த நிலையத்து ஆட்களையும் லோடுமேன்களையும் நினைத்துக்கொள்ளுங்கள்.

தொகுதி மேம்பாட்டு நிதி ஆண்டுக்கு 3 கோடி ரூபாய். எம்.எல்.ஏ. கையில் பணம் வருகிறது என்று நம்புகிறவர்கள் இன்னும் இருக்கிறார்கள். அவர் பரிந்துரைக் கடிதம்தான் கொடுக்க முடியும். நிர்வாக அனுமதி ஆட்சியரிடம், மதிப்பீடு பொறியாளரிடம், ஒப்பந்தப்புள்ளி 1998-ஆம் ஆண்டு வெளிப்படைத்தன்மைச் சட்டப்படி. வேலை தேங்குவது பெரும்பாலும் நிலத்தில். சமுதாயக் கூடத்துக்கு ஊர் காட்டும் இடம், கிராம நிலக் கணக்கான அ பதிவேட்டைப் புரட்டினால் குளம் புறம்போக்காக இருக்கும். அங்கே ஒரு செங்கல் வைக்க முடியாது. தனியார் பட்டாவிலும் முடியாது. வாய்வார்த்தையாகத் தானம் கொடுத்தது செல்லாது, பதிவு வேண்டும். கடிதம் எழுதுவதற்கு முன்பே புலப்படமும் பதிவேட்டு நகலும் எடுத்துக் கொடுத்து, "இந்த இடம் வேண்டாம், கிழக்கே நத்தத்தில் பாருங்கள்" என்று சொன்ன கிராம நிர்வாக அலுவலர்கள் எத்தனையோ நிதியாண்டுகளை மிச்சப்படுத்தினார்கள். ஊராட்சி ஒன்றியப் பொறியாளர்கள் மதிப்பீட்டில் ஜிஎஸ்டியையும் மண் நிரப்பும் செலவையும் முதலிலேயே சேர்த்ததால், பாதியில் நின்ற கட்டடம் என்று நம் தொகுதியில் காட்டுவதற்கு அதிகம் இல்லை. மனுவில் சர்வே எண், உட்பிரிவு, விண்ணப்ப எண் எல்லாம் தெளிவாக எழுதிக் கொண்டுவந்த மனு எழுதுவோருக்கும் இதே இடத்தில் நன்றி.

ஆளுநர் உரை பெரும்பாலும் ஜனவரியில், அடுத்து நிதிநிலை அறிக்கை. சம்பா அறுவடையும் அதே நாட்களில். அதாவது அவை கூடும் நாளில்தான் ஆலை மூச்சுமுட்டும். முதலாளி சென்னையில் இருக்க, ஆலையைத் தாங்கியவர்கள் பாய்லர்காரரும் அவியல் ஆட்களும். 65 முதல் 70 டிகிரி வெந்நீரில் நெல்லை ஊறவைத்து, உமி வாய் பிளக்கும் பதத்தில் நீராவியை நிறுத்தி, ஒரே மூச்சில் காயவைக்காமல் 17 சதவீதம் வாக்கில் நிறுத்தி ஆறவிட்டு, பிறகு 14-க்கு இறக்க வேண்டும். அவசரப்பட்டால் மணிக்குள் கீறல் விழும், பாலிஷரில் குருணையாகக் கொட்டும். கொதிகலன் ஆய்வுச் சான்று ஆண்டுதோறும் புதுப்பிக்க வேண்டியது. கெடுவுக்கு ஒரு நாள் தாண்டியும் அடுப்பு மூட்ட மாட்டேன் என்று நெல் தொட்டியில் ஊறும்போதே நின்ற பாய்லர்காரர், அன்று முதலாளியின் போன் வந்தும் அசையவில்லை. எம்.எல்.ஏ. ஆலைக்கு யார் வந்து கேட்கப்போகிறார்கள் என்று அவர் நினைக்கவில்லை பாருங்கள்.

கடைசியாகச் சில காரியங்கள். நிலுவையில் உள்ள மனுக்களை ஒன்றியவாரியாகப் பிரித்து, பெறப்பட்ட தேதியும் அனுப்பிய துறையும் எழுதி அடுக்கியிருக்கிறோம். புதிய உறுப்பினர் பொறுப்பேற்றதும் ஒரு படி அவர் அலுவலகத்துக்குப் போகும், யார் வந்தாலும் சரி. அசல் பட்டா, சாதிச் சான்று, மதிப்பெண் பட்டியல் கொடுத்தவர்கள் ரசீதோடு வந்து வாங்கிக்கொள்ளுங்கள். வேறு ஆளை அனுப்பினால் கையெழுத்திட்ட கடிதம் வேண்டும். பழைய லெட்டர்பேடில் இனிப் பரிந்துரைக் கடிதம் தர மாட்டோம், கேட்டுச் சங்கடப்படுத்த வேண்டாம். மிச்சமிருந்த தாள்களைக் கிழித்து உமியோடு பாய்லரில் போட்டாயிற்று. ஆலைக்கு நெல் கொண்டுவருபவர்கள் வழக்கம்போல் காலையிலேயே வாருங்கள். மீட்டர் அதேதான், கழிவும் அதேதான்.

நன்றியுடன்,
தொகுதி அலுவலகத்தார்
ஆலைக் கணக்குப் பிரிவினர்